அண்ணன் கூரையைக் கழற்றுகிறார், தடையுத்தரவு கிடைக்குமா?

கேள்வி: நான் வெள்ளவத்தையில் வாடகை வீட்டில் வசிக்கிறேன். கொட்டாஞ்சேனையில், ஜம்பட்டா வீதிக்குப் பக்கத்து ஒழுங்கையில் உள்ள 7 பேர்ச் காணியையும் வீட்டையும் அப்பா 1974இல் தன் பெயரில் வாங்கினார். அவர் 1996இல் காலமானார்; மரண சாசனம் எதுவும் எழுதவில்லை. அம்மா 2019இல் இறந்தார். பிள்ளைகள் நாங்கள் மூவர். அண்ணன் தொடக்கத்திலிருந்தே அந்த வீட்டில் இருக்கிறார், தம்பி கனடாவில் இருக்கிறார். மூன்று கிழமைக்கு முன் அண்ணன் ஒரு கட்டட ஒப்பந்தக்காரரை அழைத்து வந்து கூரை ஓடுகளைக் கழற்றத் தொடங்கிவிட்டார். மாடிக் கட்டடம் வரப்போகிறதாம். கேட்டால், "அம்மா 2017இல் வீட்டை எனக்கு நன்கொடையாக எழுதிவிட்டார்" என்று சொல்லி, கையெழுத்துகள் உள்ள ஒரு பக்கத்தின் போட்டோப் பிரதியை மட்டும் காட்டினார். அந்த ஆண்டின் இறுதியில் அம்மா பாரிசவாதத்தால் படுக்கையில் இருந்தார். பொலிசார், "இது சிவில் விடயம், நீதிமன்றம் போங்கள்" என்று அனுப்பிவிட்டார்கள். என்னிடம் அப்பாவின் உறுதியின் பிரதி, பழைய நில அளவைப் படம், அப்பா பெயரிலான சோலைவரிப் பற்றுச்சீட்டுகள், "விற்றால் மூவருக்கும் பங்கு" என்று அண்ணன் 2020இல் அனுப்பிய வாட்ஸ்அப் செய்தி ஆகியவை இருக்கின்றன. அம்மாவின் உறுதி போலியானது என்று வழக்குப் போட்டு, ஒரு கிழமைக்குள் வேலையை நிறுத்த முடியுமா?

பதில்:

அன்புள்ள சகோதரிக்கு,

முடியும். ஆனால் நீங்கள் நினைக்கும் வழியில் அல்ல. உங்கள் கடிதத்தில் அண்ணனின் குணத்தைப் பற்றி இரண்டு பக்கங்கள் இருந்தன. அவற்றை இங்கே அச்சிடவில்லை. அவர் காட்டிய உறுதியின் இலக்கம் என்ன, அது பதிவாகியிருக்கிறதா என்பது பற்றி ஒரு வரியும் இல்லை. இந்தக் கட்டத்தில் நீதிபதிக்கு வேண்டியது இரண்டாவது விடயந்தான்.

இடைக்காலத் தடை கேட்கும்போது சாட்சிக் கூண்டும் இல்லை, குறுக்கு விசாரணையும் இல்லை. நீதிபதியின் முன்னால் இருப்பவை உங்கள் வழக்குரை, மனு, சத்தியக் கடதாசி (உண்மை என்று உறுதியளித்து ஒப்பமிடும் எழுத்து வாக்குமூலம்), அவற்றோடு இணைத்த ஆவணங்கள் மட்டுமே. அவற்றை வாசித்தவுடன் உங்களுக்கு ஓர் உரிமை இருப்பது கண்ணுக்குத் தெரிய வேண்டும். கண்ணீரும் கோபமும் எவ்வளவு நியாயமானவையாக இருந்தாலும் அவற்றுக்கு ஆவண இலக்கம் போட்டு இணைக்க வழியில்லை.

முதலில் 'போலி உறுதி' என்ற சொல்லைச் சற்று ஒதுக்கி வையுங்கள். உங்கள் வழக்கின் பலம் அதில் இல்லை. அப்பா மரண சாசனம் எழுதாமல் இறந்தார். பொதுச் சட்டப்படி, அதாவது 1876ஆம் ஆண்டின் 15ஆம் இலக்கத் திருமண உரிமைகள், மரபுரிமைக் கட்டளைச் சட்டத்தின்படி, அவருடைய சொத்தில் பாதி அம்மாவுக்கும் மற்றப் பாதி பிள்ளைகளுக்கும் அன்றே சேர்ந்துவிட்டது. மூன்று பிள்ளைகள் என்பதால் ஆளுக்கு ஆறில் ஒன்று. அம்மா 2017இல் எழுதிய உறுதி முழுக்க முழுக்க உண்மையானது என்றே வைத்துக்கொள்வோம். தனக்குச் சொந்தமில்லாததை அவரால் கொடுத்திருக்க முடியாது. அவர் கொடுத்தது தன் பாதியை மட்டுமே. அப்படியானால் அண்ணனுக்கு மூன்றில் இரண்டு, உங்களுக்கும் தம்பிக்கும் ஆறில் ஒவ்வொன்று. உறுதி பொய்யாகிவிட்டால் மூவருக்கும் சமமாக மூன்றில் ஒவ்வொன்று. ஆகவே உறுதி மெய்யா பொய்யா என்ற சண்டை, உங்கள் பங்கு ஆறில் ஒன்றா மூன்றில் ஒன்றா என்பதைப் பற்றியது. வேலையை நிறுத்துவதற்கு ஆறில் ஒன்றே போதும். பங்குக் காணியில் மற்றப் பங்காளிகளின் சம்மதமில்லாமல் ஒரு பங்காளி புதுக் கட்டடம் எழுப்ப முடியாது என்பது நம் நீதிமன்றங்கள் நெடுங்காலமாகச் சொல்லிவரும் சட்டம்.

மோசடி என்று சொல்வது எளிது. சொன்னால் நிரூபிக்கும் சுமை உங்கள் தலையில் ஏறும், அதுவும் கனமான சுமை. தடையுத்தரவுக்கான மனுவை அதன் மேல் கட்டி எழுப்பினால், "இதையெல்லாம் விசாரணையில்தான் பார்க்க வேண்டும்" என்று எதிர்த்தரப்புச் சட்டத்தரணி ஒரே வரியில் முடித்துவிடுவார். உறுதியை மறுக்கிறீர்கள் என்பதை வழக்குரையில் தெளிவாக எழுதத்தான் வேண்டும். ஆனால் 'அது செல்லுபடியானாலும்கூட எனக்கு ஆறில் ஒரு பங்கு இருக்கிறது' என்ற வாதம் முன்னால் நிற்கட்டும்.

ஒன்றை உங்கள் சட்டத்தரணியிடம் முதல் சந்திப்பிலேயே சொல்லிவிடுங்கள்: பெற்றோர் யாழ்ப்பாணத்தைப் பூர்வீகமாகக் கொண்டவர்களா? அப்படியானால், காணி கொழும்பில் இருந்தாலும் யாழ்ப்பாணத் தமிழரின் மரபுச் சட்டமான தேசவழமை உங்களுக்குப் பொருந்தக்கூடும். அப்போது தேடிய தேட்டம் (மணவாழ்க்கையில் சம்பாதித்தது), முதுசம் (பரம்பரையாக வந்தது), சீதனம் என்று பிரித்துப் பார்க்க வேண்டும். பங்குக் கணக்கை அந்தச் சட்டப்படி புதிதாகப் போட வேண்டும். கொழும்புத் தமிழர் பலர் இதைச் சொல்லாமல் விடுவதும், வழக்கு நடுவில் அது தெரியவருவதும் புதுக்கடை நீதிமன்றங்களில் புதுமையல்ல.

அடுத்த வேலை காணிப் பதிவகம். அப்பாவின் உறுதியின் பிரதியை எடுத்துப் பாருங்கள். முதற் பக்கத்தின் மேல் மூலையில் 'முன்பதிவு' என்று எழுதி, ஓர் ஆங்கில எழுத்தும் சாய்கோடிட்ட இரண்டு எண்களும் இருக்கும். அதுதான் அந்தக் காணியின் பதிவேட்டுத் தொகுதியும் பக்கமும். பதிவு முத்திரையிலும் அதைக் காணலாம். அதைக் கொடுத்து விண்ணப்பித்தால் பதிவேட்டின் அத்தாட்சிப்படுத்திய பிரதி கிடைக்கும். 1974க்குப் பிறகு அந்தக் காணியின் மேல் பதிவான உறுதி, ஈடு, குத்தகை எல்லாம் அதில் வரிசையாகத் தெரியும். பக்கம் நிறைந்து வேறு பக்கத்துக்குக் கொண்டுசெல்லப்பட்டிருந்தால் அந்தப் புதுப் பக்கத்தையும் கேட்டு எடுங்கள். பாதியில் நிற்கும் பிரதியோடு வழக்குக்குப் போவதைவிடப் போகாமல் இருப்பது நல்லது.

2017ஆம் ஆண்டு உறுதி பதிவாகியிருந்தால் அதன் இலக்கம், திகதி, எழுதிய நொத்தாரிசின் பெயர் எல்லாம் அங்கேயே கிடைக்கும். நொத்தாரிசு தாம் எழுதும் ஒவ்வொரு உறுதியின் இரண்டாம் பிரதியையும் அடுத்த மாதம் 15ஆம் திகதிக்கு முன் பதிவகத்துக்கு அனுப்ப வேண்டும் என்பது சட்டம். எனவே அண்ணன் காட்டாவிட்டாலும் முழு உறுதியின் அத்தாட்சிப் பிரதியை நீங்கள் பெறலாம்.

கையில் கிடைத்ததும் மூன்று இடங்களை நிதானமாக வாசியுங்கள். முதலாவது, உரிமை மூலம் கூறும் பந்தி. அப்பாவின் பெயரில் இருந்த காணி அம்மாவுக்கு எப்படி வந்தது என்று அங்கே எழுதியிருக்க வேண்டும். 'கணவர் இறந்ததால் பாதி வந்தது' என்று எழுதியிருந்தால் உங்கள் வேலை பாதி முடிந்தது. முழுக் காணியும் அம்மாவுக்குச் சொந்தம் என்று எழுதியிருந்தால் அதற்கு ஆதாரம் காட்டும் பொறுப்பு அண்ணனுடையது. இரண்டாவது, அட்டவணை. எல்லைகள், பரப்பு, நில அளவைப் படத்தின் இலக்கம், சோலைவரி இலக்கம் ஆகியவை 1974ஆம் ஆண்டு உறுதியோடு பொருந்துகின்றனவா? கொழும்பில் சோலைவரி இலக்கங்கள் காலத்துக்குக் காலம் மாறியிருக்கின்றன. பழைய இலக்கமும் புதிய இலக்கமும் ஒரே இடத்தைத்தான் குறிக்கின்றன என்பதற்கு மாநகர சபையிடமிருந்து ஒரு சான்று பெற்று வையுங்கள். காணி எது என்பதிலேயே குழப்பம் இருந்தால் நீதிபதி தடை கொடுக்கத் தயங்குவார்.

மூன்றாவது, கடைசிப் பக்கத்தில் நொத்தாரிசின் அத்தாட்சி. அம்மாவைத் தமக்கு நேரில் தெரியுமா, அல்லது சாட்சிகளுக்குத்தான் தெரியுமா, எங்கே, எந்த நாளில் கையெழுத்து வைக்கப்பட்டது, சாட்சிகள் யார் என்பதெல்லாம் அங்கே இருக்கும். அந்த நாளில் அம்மா எங்கே இருந்தார்? அவர் வைத்தியசாலையில் இருந்த நாளாக அது இருந்தால், வைத்தியசாலைப் பதிவுகள் நூறு வாய்ச்சொற்களுக்குச் சமம். பெருவிரல் அடையாளமா, கையெழுத்தா? கையெழுத்தானால் அதே காலத்தில் வங்கியிலோ ஓய்வூதியப் பத்திரத்திலோ அவர் வைத்த கையெழுத்துகளைத் தேடி எடுங்கள். நன்கொடை என்றால் பெறுபவர் அதை ஏற்றுக்கொண்டதும் உறுதியில் தெரிய வேண்டும். இவை பின்னால் நடக்கும் விசாரணைக்கான ஆயுதங்கள். இப்போதே திரட்டுங்கள், ஆனால் எல்லாவற்றையும் இப்போதே வீச வேண்டியதில்லை.

உங்களிடம் உள்ள சோலைவரிப் பற்றுச்சீட்டுகளைப் பற்றி ஒரு வார்த்தை. அவை சொத்துரிமைக்கு ஆதாரம் அல்ல. அதே காரணத்தால், அண்ணன் சோலைவரிப் பதிவைத் தன் பெயருக்கு மாற்றியிருந்தாலும் அதனால் அவருக்குக் காணி சொந்தமாகிவிடாது. பலர் இதைக் கண்டு பதறுகிறார்கள். பதற வேண்டாம்.

மாநகர சபையில் வேறொரு புதையல் இருக்கலாம். மாடிக் கட்டடத்துக்கு அனுமதி கேட்டவர் எந்த உறுதியைக் காட்டினார், எந்தப் படத்தைக் கொடுத்தார் என்பது அந்தக் கோவையில் இருக்கும். 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் விண்ணப்பியுங்கள். 14 வேலை நாட்களுக்குள் அவர்கள் ஒரு முடிவைச் சொல்ல வேண்டும். அனுமதியே பெறப்படவில்லை என்று பதில் வந்தால் அதுவும் ஓர் ஆவணம். ஆனால் அதற்காகக் காத்திருந்து வழக்கைத் தள்ளிப்போடாதீர்கள்.

ஏனென்றால் தாமதம் உங்களுக்கு எதிரி. தடை கேட்டு வருபவரிடம் நீதிமன்றம் கேட்கும் முதற் கேள்வி, "உங்களுக்கு இது எப்போது தெரியும்?" என்பது. மூன்று கிழமை என்றால் விளக்கலாம். இரண்டாம் மாடிக்குக் கொங்கிரீட் போட்ட பிறகு வந்தால், 'இனி நிறுத்தினால் யாருக்கு அதிக நட்டம்' என்ற தராசு அண்ணன் பக்கம் சாய்ந்துவிடும். இந்தத் தராசு என் கற்பனையல்ல. பீலிக்ஸ் டயஸ் பண்டாரநாயக்க எதிர் அரச திரைப்படக் கூட்டுத்தாபனம் என்ற 1981ஆம் ஆண்டு வழக்கின் தீர்ப்பு இன்றும் புதுக்கடையில் நாள்தோறும் எடுத்துக்காட்டப்படுகிறது. முதற் பார்வையில் வழக்கு உண்டா, தடை கொடுப்பதால் அல்லது மறுப்பதால் யாருக்கு அதிகப் பாதிப்பு, கேட்பவரின் நடத்தை நேர்மையானதா என்ற மூன்றும் அங்கே சொல்லப்பட்டவை.

மூன்றாவதில்தான் நல்ல வழக்குகள் கவிழ்கின்றன. அண்ணன் 2017 உறுதி பற்றிச் சொன்னதும், ஒரு பக்கத்தைக் காட்டியதும் உங்களுக்குத் தெரியும். அதை மனுவில் மறைத்துத் தடையுத்தரவு வாங்கினீர்கள் என்றால், அண்ணன் முழு உறுதியோடு வந்து நிற்கும் நாளில் உத்தரவும் போகும், உங்கள் பேச்சுக்கு இருந்த மதிப்பும் போகும். போதிய காரணமின்றித் தடை வாங்கியதாகக் கண்டால் எதிர்த்தரப்புக்கு நட்டஈடு கொடுக்கச் சொல்லவும் குடியியல் நடவடிக்கைமுறைக் கோவையின் 667ஆம் பிரிவு இடம் தருகிறது. உங்களுக்குப் பாதகமானதை நீங்களே சொல்லி, நீங்களே அதற்குப் பதிலும் சொல்லுங்கள். எதிரி வாயால் வருவதைவிட அது எத்தனையோ மடங்கு மேல்.

சத்தியக் கடதாசியை அலட்சியம் செய்யாதீர்கள். நேரில் கண்டு அறிந்ததைத் தனியாகவும், நம்புவதை ஏன் நம்புகிறீர்கள் என்ற காரணத்தோடு தனியாகவும் எழுத வேண்டும். அதே கோவையின் 181ஆம் பிரிவு கேட்பது அதைத்தான். "அம்மா சுயநினைவில் இல்லை" என்று எழுதுவதானால், எந்த நாளில் எங்கே அப்படிப் பார்த்தீர்கள்? உறுதி இலக்கம், திகதி ஆகியவற்றில் ஓர் எண் பிசகினாலும் எதிர்த்தரப்பு அதைப் பிடித்துக்கொள்ளும். இந்துவாக இருந்து உறுதிப்பிரகடனம் செய்ய வேண்டியவர், பழைய படிவத்தைப் பிரதி எடுத்ததால் 'சத்தியம் செய்து' என்று ஒப்பமிடுவதும், அதன் மேல் ஒரு நாள் முழுக்க ஆட்சேபணை நடப்பதும் நம் ஊர் வழக்கம். கொழும்பில் மனு சிங்களத்திலோ ஆங்கிலத்திலோதான் தயாராகும். தமிழில் முழுதாக வாசித்து விளக்கிய பிறகே ஒப்பமிடுங்கள். அப்படி விளக்கப்பட்டது என்பதைச் சமாதான நீதவான் கடதாசியில் குறிப்பிடட்டும்.

அந்த வாட்ஸ்அப் செய்தி பயனுள்ளது. நன்கொடை கிடைத்ததாகச் சொல்லும் ஆண்டுக்கு மூன்று ஆண்டுகள் கழித்து, 'மூவருக்கும் பங்கு' என்று ஏன் எழுதினார்? அதனால் உங்களுக்குக் காணி எழுதித் தந்ததாக ஆகாது. காணி கைமாற நொத்தாரிசும் இரண்டு சாட்சிகளும் வேண்டும் என்று 1840ஆம் ஆண்டின் 7ஆம் இலக்க மோசடிகள் தடுப்புக் கட்டளைச் சட்டம் சொல்கிறது. ஆனால் அவரே உங்கள் பங்கை ஒப்புக்கொண்டார் என்பதற்கு அது சான்று. முன்னும் பின்னும் உள்ள செய்திகளோடு, இலக்கமும் திகதியும் தெரியும்படி எடுத்து, சத்தியப்பிரமாண மொழிபெயர்ப்பாளரிடம் கொடுத்து மொழிபெயர்த்து இணையுங்கள். கைபேசியை விற்கவோ மாற்றவோ வேண்டாம், மூலம் அதுதான். நீண்ட காலம் குடியிருந்ததால் ஆட்சியுரிமை வந்துவிட்டது என்று அண்ணன் சொல்ல முனைந்தால், அதற்கும் இந்தச் செய்தி குறுக்கே நிற்கும். ஒரு பங்காளியின் இருப்பு எல்லாப் பங்காளிகளுக்காகவும் இருப்பதே என்று 1911இல் பிரிவிக் கவுன்சில் ஓர் இலங்கை வழக்கில் தீர்த்தது இன்றும் நிற்கிறது. 10 ஆண்டுகள் குடியிருந்தால் மட்டும் போதாது. மற்றவர்களை வெளியே தள்ளிய ஒரு செயலைக் காட்ட வேண்டும்.

எந்த வழக்கு? தடை மட்டும் கேட்டு ஒரு வழக்கும் நிற்காது. அடிப்படை வழக்கு ஒன்று வேண்டும். உங்கள் விவரங்களைப் பார்க்கும்போது கொழும்பு மாவட்ட நீதிமன்றத்தில் பாகப்பிரிவினை வழக்கும் அதனோடு தடை மனுவும் பொருத்தமாகத் தெரிகின்றன. தம்பி உட்பட எல்லாப் பங்காளிகளும் அதில் தரப்பினராக வேண்டும். தடை மனுவில் ஒப்பந்தக்காரரையும் சேர்க்கச் சொல்லுங்கள். இல்லையென்றால் "உத்தரவு என் மேல் இல்லை" என்று அவர் வேலையைத் தொடர்வார். பாகப்பிரிவினை வழக்குகள் ஆண்டுக்கணக்கில் ஓடும் என்பதை மறைக்க மாட்டேன். 7 பேர்ச்சில் ஆறில் ஒன்று என்பது ஒரு பேர்ச்சுக்குச் சற்று மேல். அதைத் துண்டாக்கித் தர முடியாது. இறுதியில் விற்றுப் பணத்தைப் பங்கிடும் கட்டளையே வரக்கூடும்.

வழக்குப் போட்ட கையோடு லிஸ் பெண்டென்ஸ் பதிவு நடந்ததா என்று கேட்டு, பதிவேட்டில் பார்த்து உறுதிசெய்யுங்கள். இந்தக் காணியின் மேல் வழக்கு நடக்கிறது என்ற அறிவித்தல் அது. தடையுத்தரவு கட்டடத்தைத்தான் நிறுத்தும். அண்ணன் வேறொருவருக்கு விற்றுவிடுவதிலிருந்து உங்களைக் காப்பது இந்தப் பதிவுதான். பாகப்பிரிவினை வழக்கில் இது பதிவான பிறகு, வழக்கு முடியும் முன் செய்யும் விற்பனை செல்லாது.

இனி உங்கள் 'ஒரு கிழமை'. அவசரம் என்று கண்டால், எதிர்த்தரப்புக்கு அறிவிக்காமலே நீதிபதி ஒரு தடையுத்தரவு கொடுக்கலாம். முதலில் அது 14 நாட்களுக்கு மேற்படாது. காரணத்தைப் பதிவுசெய்து, ஒவ்வொரு தடவையும் 14 நாட்களுக்கு மேற்படாமல் நீடிக்கலாம். அதன் பின் இரு தரப்பையும் கேட்டு, வழக்கு முடியும்வரை நிற்கும் இடைக்காலத் தடையாணை கொடுப்பதா என்று தீர்மானிப்பார். முதல் உத்தரவு கிடைத்தவுடன் வெற்றி என்று வீட்டுக்குப் போய்விடுபவர்கள், அறிவித்தல் சேர்ப்பிக்கப்படாமல் 14ஆம் நாள் உத்தரவு காலாவதியாவதைப் பார்த்துக்கொண்டு நிற்பார்கள். நீதிமன்ற அறிவித்தல்களைச் சேர்ப்பிக்கும் பிஸ்கால் உத்தியோகத்தரோடு ஆளை அனுப்பி, அண்ணனுக்கும் ஒப்பந்தக்காரருக்கும் உத்தரவு கையில் சேர்ந்ததை உறுதிசெய்யுங்கள். வீடு இன்று எந்த நிலையில் இருக்கிறது என்பதைப் பதிவுசெய்ய ஓர் ஆணையாளரை நியமிக்கும்படியும் கேளுங்கள். உத்தரவை மீறி வேலை நடந்தால் அது நீதிமன்ற அவமதிப்பு. ஒழுங்கையில் நின்று சண்டை போடாமல் திகதியோடு படம் எடுத்து நீதிமன்றத்துக்குப் போங்கள். மனு மறுக்கப்பட்டால் 14 நாட்களுக்குள் குடியியல் மேன்முறையீட்டு மேல் நீதிமன்றத்தில் அனுமதி கேட்கலாம்.

பொலிசார் சொன்னது தவறல்ல. சமாதானக் குலைவு ஏற்படும் என்றால் 1979ஆம் ஆண்டின் 44ஆம் இலக்க ஆரம்ப நீதிமன்ற நடவடிக்கைமுறைச் சட்டத்தின் 66ஆம் பிரிவின் கீழ் அவர்கள் நீதவானிடம் போகலாம். ஆனால் அங்கே பார்ப்பது யார் இருப்பில் இருக்கிறார் என்பதை. யாருக்குச் சொந்தம் என்பதை அல்ல. நீங்கள் அந்த வீட்டில் இல்லாததால் அந்த வழி உங்களுக்கு உதவாது, அண்ணனுக்குத்தான் உதவும்.

தம்பியிடம் இன்றே பேசுங்கள். அண்ணனுக்கு அவர் எப்போதாவது அற்றோணித் தத்துவம் (தன் சார்பில் செயற்படும் அதிகாரப் பத்திரம்) கொடுத்திருக்கிறாரா என்று நேரடியாகக் கேளுங்கள். கொடுத்திருந்தால் அதை இரத்துச் செய்வது பற்றி அவர் இங்கே ஒரு சட்டத்தரணியிடம் ஆலோசனை பெறட்டும். ரொறன்ரோவில் உள்ள நம் துணைத் தூதரகத்தில் அவர் சத்தியக் கடதாசி முடித்து அனுப்பினால் உங்கள் மனுவுக்கு நல்ல பலம்.

உத்தரவு கிடைத்த பின் அண்ணன் சமாதானம் பேச வருவார் என்றே நினைக்கிறேன். மூன்றில் இரண்டு பங்கு கையில் இருப்பவருக்கு, உங்கள் பங்குக்குப் பணம் தந்து முடிப்பது லாபமான காரியம். பேசுங்கள், தவறில்லை. ஆனால் பெரியவர்களை வைத்து வீட்டு மேசையில் எழுதி, முத்திரை ஒட்டிய தாளில் ஒப்பமிடுவதோடு நிற்காதீர்கள். காணியைப் பொறுத்தவரை அந்தத் தாள் செல்லாது. இணங்கிய நிபந்தனைகளை வழக்கிலேயே பதிவுசெய்து கட்டளையாக்குங்கள். பணம் முழுதாகக் கைக்கு வரும் நாளில், நொத்தாரிசு முன்னிலையில் மட்டுமே உங்கள் பங்கை எழுதிக் கொடுங்கள்.